ஊர் நகைப்பும் ஊர் வாழ்த்தும்: துணையை இழந்தோரின் மறுமணமும் ஆயர் பணியும்

திண்டிவனத்திலிருந்து புதுச்சேரி செல்லும் பெருவழிக்குச் சற்று விலகி, வானூர் வட்டத்தில் இரும்பை என்னும் சிற்றூர் உள்ளது. திருஞானசம்பந்தரின் பாடல் பெற்ற மாகாளேசுவரர் கோவில் அங்கு இருக்கின்றது. அக்கோவிலின் இலிங்கம் பிளவுபட்டுப் பின்னர்ச் செப்புத் தகட்டால் பிணைக்கப்பட்டது என்பர். பிளவுக்குக் காரணமாக ஊரார் ஒரு கதை சொல்கின்றனர். கடுவெளிச் சித்தர் என்பார் ஆங்கு அசையாத தவத்தில் அமர்ந்திருந்தார். நாட்டில் மழை பொய்த்தது. சித்தரின் தவமே வறட்சிக்குக் காரணம் எனக் கருதிய அரசன், அத்தவத்தைக் கலைக்க ஓர் ஆடல் மகளை ஏவினான். அவளுடைய பணிவிடையால் தவம் கலைந்தது, சித்தர் அவளோடு வாழலானார், மழையும் பெய்தது. பின்னர்க் கோவில் விழாவில் அவள் ஆடுகையில் காற்சிலம்பு கழன்று விழுந்தது. ஆட்டம் தடைப்படாதிருக்கச் சித்தர் அதனை எடுத்து அவள் காலில் பூட்டினார். கூடியிருந்தோர் எள்ளி நகைத்தனர். சித்தர் மனம் நொந்து பாடினார்; கருவறையில் இருந்த கல் வெடித்துச் சிதறியது.

இதனை நாம் வரலாறாகக் கொள்ள வேண்டுவதில்லை. பிற சமயத்தாரின் புனிதக் கதையை நம் கருத்துக்கு ஏற்ப வளைப்பதும் முறையன்று. ஆயினும் இக்கதையில் ஒரு செய்தி ஆயர் பணியாற்றுவோர் நெஞ்சைத் தைக்கின்றது. மழை வேண்டியபோது அவ்விருவரின் கூட்டு ஊருக்கு நன்மையாயிருந்தது. அன்பு வெளிப்படையாக ஒரு சிறு செயல் புரிந்தபோதோ, அது நகைப்புக்குரியதாயிற்று. கணவனையோ மனைவியையோ இழந்து, நடுவயதிலோ முதுமையிலோ புதிய துணை ஒன்றை நாடுவோரைப் பார்த்து நம் சபைகள் நகைக்கும் நகைப்பும் இத்தகையதே. இக்கட்டுரை அந்நகைப்பைப் பற்றியது.

என் குற்றம் ஒன்றை முதலில் அறிக்கையிடுவது நேர்மையாகும். நான் ஆயராகப் பணி தொடங்கிய காலத்தில், இரும்பைக்கு அண்மையிலுள்ள கிராமச் சபை ஒன்று என் பொறுப்பில் இருந்தது. ஒரு மாலைப்பொழுதில் இருவர் ஆயர் இல்லத்திற்கு வந்தனர். ஒருவர் ஐம்பத்தாறு வயதை எட்டிய ஆசிரியர். மனைவியை இழந்து நான்கு ஆண்டுகள் ஆகியிருந்தன. மற்றவர் பால்வாடியில் பணிபுரிந்த கைம்பெண், வயது நாற்பத்தெட்டு. தங்களுக்குத் திருமண ஓலை வாசிக்க இயலுமா எனத் தாழ்ந்த குரலில் கேட்டனர். அவர்கள் வெட்கத்தோடு நின்றனர். அவர்களினும் மிகுதியாக நான் வெட்கப்பட்டேன். பிள்ளைகளின் சம்மதம் வேண்டும் என்றேன். அவருடைய மகன், வீடு கைமாறிவிடும் என்று அஞ்சி மறுத்தான். சபைக் குழுவினர் சிரித்தனர். ஓராண்டு பொறுத்திருங்கள் என்று சொல்லி அனுப்பினேன். அவ்வாண்டு முடிவதற்குள் அவர் நோயுற்றார். மருத்துவமனையில் அவர் அருகில் அமர அந்த அம்மையாருக்கு உரிமை இல்லை. உறவு என்னவென்று கேட்டால் சொல்லச் சொல் இல்லை. அடக்க ஆராதனையில் அவர் கடைசி வரிசையில் அமர்ந்திருந்தார். துக்கத்திலிருப்போரை நான் பெயர் சொல்லி மன்றாடினேன். அவர் பெயரைச் சொல்லவில்லை. வேதம் தடுக்காத ஒன்றை நான் தடுத்தேன் என்பதை அன்று உணர்ந்தேன்.

1. திருமறை கூறுவது யாது?

மனிதன் தனிமையாயிருப்பது நல்லதன்று என்னும் இறைவனின் தீர்ப்பு (ஆதி. 2:18), மகப்பேற்றைக் குறித்து யாதும் சொல்லப்படுவதற்கு முன் அவ்வியலில் இடம்பெறுகின்றது. அங்கே துணை என்பதற்கு வழங்கும் 'ஏசெர்' என்ற எபிரேயச் சொல், பிற இடங்களில் இஸ்ரவேலுக்கு உதவி செய்யும் கடவுளையே குறிக்கக் காண்கிறோம். எனவே 'பிள்ளை பெறும் வயது கடந்தபின் திருமணம் எதற்கு?' என்று கேட்போர், திருமணத்தின் முதல் நோக்கத்தையே மறந்தவராவர்.

மரணம் திருமணக் கட்டை அவிழ்க்கின்றது என்பதில் அப்போஸ்தலனாகிய பவுலுக்கு ஐயமில்லை. கணவன் இறந்தால் மனைவி அவனைப் பற்றிய சட்டத்தினின்று விடுதலை பெறுகிறாள் (ரோமர் 7:2,3), தான் விரும்பியவரை மணக்க அவளுக்கு உரிமை உண்டு, அம்மணம் ஆண்டவருக்குள் நிகழ வேண்டும் என்பதே வரையறை (1 கொரி. 7:39). அடுத்த வசனத்தில், மணவாதிருப்பதே மேல் என்று தம் கருத்தைச் சொல்கிறார் என்பதும் மெய்யே. ஆனால் அதனைக் கட்டளையாக்காமல் கருத்தாகவே நிறுத்துகிறார். மணவாமையும் மறுமணமும் அவர் பார்வையில் இரண்டு நல்வழிகள்.

மேய்ப்பு நிருபத்தில் ஒரு சிக்கல் உண்டு. சபையின் கைம்பெண் பட்டியலில் சேர்க்கப்படுபவர் அறுபது வயதுக்குக் குறையாதவராகவும், ஒரே கணவனுக்கு மனைவியாயிருந்தவராகவும் இருத்தல் வேண்டும் என்று கூறப்படுகின்றது (1 தீமோ. 5:9). சிலர் இதைக் கொண்டு மறுமணம் குறைபாடுடையது என்பர். ஆனால் ஐந்து வசனங்கள் கழித்து, இளைய கைம்பெண்கள் மணம் செய்ய வேண்டும் என அதே ஆசிரியர் அறிவுறுத்துகிறார் (5:14). தம் அறிவுரைக்குக் கீழ்ப்படிந்தவர்களைப் பின்னாளில் தகுதியற்றவர் எனத் தள்ளவா அவர் எண்ணியிருப்பார்? ஆதலின் அத்தொடர் திருமண எண்ணிக்கையைவிடத் திருமண உண்மையையே குறிக்கின்றது எனக் கொள்வது பொருத்தமாகும். கண்காணியைப் பற்றிய 1 தீமோ. 3:2-க்கும் இவ்விளக்கமே ஏற்றது.

ஆறுதல் கூறும்போது ஆயர்கள் சந்திக்கும் கடினமான வினா ஒன்று உண்டு: 'மறுமையில் நான் யாருக்கு உரியவன்?' சதுசேயர் பரிகாசமாகக் கேட்ட வினாவை (மத். 22:23-33) துணையை இழந்தோர் கண்ணீரோடு கேட்கின்றனர். உயிர்த்தெழுதலில் கொள்வதும் கொடுப்பதும் இல்லை என்று ஆண்டவர் மறுமொழி சொன்னார். அன்பு அங்கு அழிந்துபோகும் என்பது இதன் பொருளன்று. ஒருவரை ஒருவர் உடைமையாகக் கொள்ளும் நிலை கடந்துபோகும் என்பதே பொருள். இறந்தோர் தேவனுடைய கரத்தில் இருக்கின்றனர். உயிரோடிருப்பவர் மீண்டும் அன்புகூர்வதால் அவர்களுக்கு யாதொரு குறையும் நேர்வதில்லை.

2. பெத்லகேமின் ஊர் வாசல்

இப்பொருளுக்கு நேரான திருமறை நூல் ரூத்தின் சரித்திரம். நகோமி தன் மருமக்களைத் திருப்பி அனுப்பும்போது, புதிய கணவனின் இல்லத்தில் அவர்கள் இளைப்பாறுதல் அடைய வேண்டும் என வாழ்த்துகிறாள் (1:9). பின்னர் ரூத்துக்கு அவ்விளைப்பாறுதலைத் தானே தேடப் புறப்படுகிறாள் (3:1). 'மெனூக்கா', 'மானோவாக்' என இரு இடங்களிலும் வரும் எபிரேயச் சொற்கள் ஒரே வேரின. அலைந்த பறவை கால் ஊன்ற இடம் பெறுவது போன்ற அமைதி அது. மறுமணத்தை இச்சையின் பெயரால் அழைப்போர், வேதம் அதற்கு இட்டிருக்கும் இப்பெயரை நினைவில் கொள்வது நலம்.

இங்கே வழிகாட்டுபவர் யார் என்பது கருதத்தக்கது. இறந்தவனுடைய தாயே தன் மருமகளுக்கு மறுவாழ்வு தேடுகிறாள். மகனை மறந்ததால் அன்று. மகன் நேசித்தவளை நேசித்ததால். நம் குடும்பங்களில் மறுமணத்திற்கு முதல் தடை பெரும்பாலும் இறந்தவரின் வீட்டாரிடமிருந்தே வருகின்றது. ஆயர் அவ்வீட்டிற்கு நகோமியின் நூலோடு செல்லலாம்.

இறுதியில், ஊர் வாசலில் கூடியிருந்த மூப்பரும் மக்களும் சாட்சிகளாக நின்று வாழ்த்துகின்றனர் (4:11). அண்டை வீட்டுப் பெண்கள் குழந்தைக்குப் பெயரிடுகின்றனர் (4:17). இரும்பைக் கதையில் ஊர் நகைத்தது, கல் பிளந்தது. பெத்லகேமில் ஊர் வாழ்த்தியது. தாவீதின் குலம் தழைத்தது. அவ்வழியிலேயே நம் ஆண்டவரின் வமிசவரலாறும் எழுதப்பட்டிருக்கின்றது (மத். 1:5). சபை இவ்விரண்டு ஊர்களில் எதுவாயிருக்கப் போகிறது?

3. திருச்சபை வரலாற்றில் இரு குரல்கள்

தொடக்கத் திருச்சபையில் மறுமணத்தை ஐயுற்றோர் இருந்தனர். தெர்த்துல்லியன் தம் மனைவிக்கு எழுதிய நூலில், தமக்குப்பின் அவர் மணவாதிருப்பதையே விரும்பினார். மணந்தால் ஆண்டவருக்குள் மணக்க வேண்டும் என்றார். மொந்தானியக் கொள்கையில் சேர்ந்தபின் அவர் இரண்டாம் திருமணத்தையே முற்றிலும் மறுத்தார். நொவாத்தியர் இருமுறை மணந்தோரோடு ஐக்கியம் கொள்ள மறுத்து வந்தனர். ஆனால் கி.பி. 325-இல் கூடிய நிக்கேயா பொதுச்சங்கம், தன் எட்டாம் விதியில், பொதுத் திருச்சபைக்குத் திரும்ப விரும்பும் நொவாத்தியக் குருமார் இருமுறை மணந்தோரோடு ஐக்கியம் கொள்வதாக எழுத்தில் உறுதி கூற வேண்டும் என வரையறுத்தது. கிறிஸ்துவின் தெய்வத்தன்மையைக் காத்த அதே சங்கம், துணையை இழந்து மறுமணம் செய்தோரின் மாண்பையும் காத்தது என்பது நம் மாணவர்கள் அடிக்கடி கவனியாமற்போகும் செய்தியாகும்.

அருட்பணி வரலாற்றிலும் எடுத்துக்காட்டுகள் உண்டு. பர்மாவில் பணியாற்றிய அதோனிராம் ஜட்சன் 1826-இல் மனைவி ஆனை இழந்தார். எட்டு ஆண்டுகளுக்குப்பின் 1834-இல், உடன் ஊழியரான போர்டுமனின் கைம்பெண் சாராளை மணந்தார். துக்கம் அறிந்த இருவரின் இணைவு அது. செராம்பூரில் வில்லியம் கேரியின் முதல் மனைவி 1807-இன் இறுதியில் இறந்தார். 1808-இல் அவர் சார்லட் ரூமரை மணந்தார். அந்த விரைவு உடன் ஊழியருக்கே வருத்தம் அளித்தது. எனினும் அத்திருமணம் இனிய இல்லறமாய் அமைந்தது. காலத்திற்குப் பொது அளவுகோல் இல்லை என்பதையும், விரைவு பிறரைப் புண்படுத்தக்கூடும் என்பதையும் இவ்வரலாறுகள் ஒருங்கே உணர்த்துகின்றன.

4. நம் மண்ணில்

தமிழ்நாட்டுத் திருச்சபையின் தொடக்க வரலாற்றிலேயே இச்சிக்கல் ஒரு பெண்ணின் வடிவில் வந்து நின்றது. குளோரிந்தா தஞ்சையில் வாழ்ந்த மராட்டியப் பிராமணக் கைம்பெண். கணவன் சிதையில் உடன்கட்டை ஏறுவதினின்று லிட்டில்டன் என்னும் ஆங்கிலேய அதிகாரி அவரை மீட்டார் என்பது வழிவழிச் செய்தி. அவரை மணப்பதாக அவ்வதிகாரி உறுதி கூறினார். ஆனால் அதனை நிறைவேற்றவில்லை. கிறிஸ்தவ உண்மைகளை அவருக்குக் கற்பித்தவரும் அவரே. குளோரிந்தா திருமுழுக்குக் கேட்டபோது, திருமணமின்றி வாழ்ந்ததைக் காரணம் காட்டிச் சுவார்ட்ஸ் ஐயர் மறுத்தார். அதிகாரி இறந்தபின், 1778-இல் பாளையங்கோட்டையில் அவருக்கே சுவார்ட்ஸ் திருமுழுக்கு அளித்தார். 1780-ஆம் ஆண்டில் 40 பேர் கொண்ட சிறு சபை அங்கு இருந்தது. குளோரிந்தாவின் முயற்சியால் எழுந்த ஆலயம் 1785-இல் அர்ப்பணிக்கப்பட்டது. திருநெல்வேலித் திருச்சபையின் பெருவளர்ச்சிக்கு அதுவே வித்தாயிற்று.

சுவார்ட்ஸ் ஒழுங்கைக் காத்தார் என்பதை நாம் குறைகூற இயலாது. ஆயினும் சுமை யார் தோளில் விழுந்தது? வாக்குறுதியை நிறைவேற்றாதவர் ஆண். வாயிலில் நிறுத்தப்பட்டவர் பெண். ஒழுக்கக் கட்டுப்பாடு செலுத்தும்போது ஆயர் இதனைத் தம்மையே கேட்டுக்கொள்ள வேண்டும்: மதிப்புக்குரிய திருமணத்தின் வழியை இவர்களுக்கு நாம் திறந்துவைத்திருந்தோமா?

இன்னொரு உண்மையும் உண்டு. நம் வட்டாரத்துச் சபையார் பெரும்பான்மையோர் எச்சமூகங்களிலிருந்து வந்தனரோ, அவற்றுள் பலவற்றில் 'அறுத்துக்கட்டும்' வழக்கம் இருந்தது. தாலி அறுத்தவளுக்கு மீண்டும் தாலி கட்டுவது உழைக்கும் மக்களிடையே இயல்பாயிருந்தது. கைம்மை நோன்பை உயர்குலத்தின் அடையாளமாகக் கொண்டோர் அதனை இழிவாகப் பேசினர். கல்வியும் பதவியும் பெற்று நம் மக்கள் உயர்ந்தபோது, அந்த இழிசொல்லுக்கு அஞ்சித் தம் முன்னோரின் நல்வழக்கத்தைக் கைவிட்டனர். ஆக, இன்று சபையில் கேட்கும் நகைப்பு வேதத்திலிருந்து வந்ததன்று; சாதி மதிப்பிலிருந்து வந்தது. சபைக்கு வெளியே 1856-இல் கைம்பெண் மறுமணச் சட்டம் நிறைவேற வித்தியாசாகரர் போராடினார். 1881 டிசம்பர் 11-இல் இராஜமுந்திரியில் வீரேசலிங்கம் பந்துலு எதிர்ப்புக்கிடையே கைம்பெண் மறுமணம் ஒன்றை நடத்தினார். தமிழக அரசு தருமாம்பாள் அம்மையார் நினைவாக மறுமண உதவித் திட்டத்தை ஏற்படுத்தியது. வேதத்திலேயே உரிமை பெற்றிருந்த நாமோ அவ்வுரிமையை வெட்கத்தோடு மூடிவைத்திருக்கிறோம்.

அந்நகைப்பு இருபாலார்மீதும் ஒரே அளவாக விழுவதுமில்லை. மனைவியை இழந்தவர் ஆறு திங்களில் மணந்தால், 'பிள்ளைகளைப் பார்க்க ஆள் வேண்டாமா?' என்கின்றனர். கைம்பெண் ஆறு ஆண்டு கழித்து மணந்தாலும், 'இந்த வயதில் இவளுக்கு என்ன?' என்கின்றனர். பவுல் இருவருக்கும் ஒரே நெறியையே கூறினார்.

5. ஆயர் செய்யத்தக்கவை

முதலாவது, துக்கத்திற்கு இடம் கொடுத்தல் வேண்டும். அடக்க நாளின் கூட்டம் கலைந்தபின் வரும் மாதங்களே கொடியவை. ஆண்டு நினைவு நாள் வரையேனும் ஆயரும் மூப்பரும் முறைவைத்துச் சந்திக்க வேண்டும். தனிமையின் வெறுமையை நிரப்ப மட்டும் தேடப்படும் துணை, இறந்தவரின் நிழலாகவே நடத்தப்படும் இடர் உண்டு. புதியவரைப் புதியவராகக் காணும் கண் திறந்துவிட்டதா என்பதை ஆயர் பொறுமையோடு உசாவ வேண்டும்.

இரண்டாவது, பிள்ளைகளோடு பேசுதல் வேண்டும். அவர்களுடைய அச்சம் இருவகைத்து: தாயின் இடம் பறிபோகும் என்பது ஒன்று, சொத்துப் போகும் என்பது மற்றொன்று. முதலாவதற்கு, இறந்தவரின் படத்தைச் சுவரிலிருந்து அகற்ற வேண்டுவதில்லை என்று சொல்லுங்கள். அப்பெயரைச் சொல்லிக் குடும்ப மன்றாட்டில் நன்றி செலுத்தச் செய்யுங்கள். இரண்டாவதற்குச் சட்டம் அறிந்திருங்கள். இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின்படி (1925), உயிலின்றி இறக்கும் கிறிஸ்தவருக்குப் பிள்ளைகள் இருப்பின், துணைவருக்கு மூன்றில் ஒரு பங்கும் பிள்ளைகளுக்கு மூன்றில் இரு பங்கும் சேரும். அதே சட்டத்தின் 69-ஆம் பிரிவின்படி, ஒருவர் திருமணத்திற்குமுன் எழுதிய உயில் அவர் மணம் செய்தவுடன் பொதுவாக இரத்தாகிவிடும். இதனை அறியாமையால் பின்னாளில் வழக்குகள் எழுகின்றன. ஆதலின் ஓலை வாசிக்குமுன், புதிய உயில் எழுதுவதைப் பற்றி ஆயர் நினைவூட்டுவது அன்பின் செயலாகும். என் சபையின் ஆசிரியரின் மகனுக்கு இதை எடுத்துரைக்க எனக்கு அன்று அறிவில்லை.

மூன்றாவது, ஓய்வூதியச் சிக்கலை நேர்மையாக எதிர்கொள்ளுதல் வேண்டும். அரசு ஊழியரின் கைம்பெண் மறுமணம் செய்தால் குடும்ப ஓய்வூதியம் பொதுவாக நின்றுபோகும், விதிவிலக்குகளும் உண்டு. இதற்கு அஞ்சிச் சிலர் திருமணமின்றி ஒரே வீட்டில் வாழ விரும்பலாம். அதனைச் சபை ஏற்க இயலாது. ஆனால் ஏழைக் கைம்பெண்ணின் அச்சத்தைப் பழிக்கவும் கூடாது. அப். 6:1-இல் திருச்சபை கைம்பெண்களின் அன்றாட உணவைப் பற்றிய முறைப்பாட்டைக் கேட்டுத் திருப்பணியையே புதிதாக ஒழுங்குபடுத்தியது. வருமானம் இழக்கும் தம்பதியருக்குச் சபை எவ்விதம் கைகொடுக்கும் என்பதும் மன்றாட்டுப் பொருளே.

நான்காவது, திருமண ஆராதனையைக் குறுக்காதிருத்தல் வேண்டும். வார நாளில், விடியற்காலையில், கதவைச் சாத்தி நடத்தும் வழக்கத்தை விட்டுவிடுங்கள். தம்பதியர் எளிமையை விரும்பினால் அது அவர்கள் உரிமை. ஆயரின் வெட்கத்தால் அது எளிமையாதல் ஆகாது. ஓலையை மூன்று ஞாயிறும் உரத்த குரலில் வாசியுங்கள். இறந்த துணைவர்களுக்காக நன்றி செலுத்தும் ஒரு மன்றாட்டையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

ஐந்தாவது, மணவாதிருக்க விரும்புவோரை நெருக்காதிருத்தல் வேண்டும். ஏழு ஆண்டே கணவனோடு வாழ்ந்து, முதுமை வரை ஆலயத்தில் பணிபுரிந்த அன்னாள் (லூக். 2:36-38), குழந்தை இயேசுவைக் கண்டுகொண்டவருள் ஒருவர். அவருடைய கைம்மை ஓர் அழைப்பாயிற்று. ஆனால் அன்னாளுக்கு ஆலயம் இல்லமாயிருந்தது. நம் கைம்பெண்களுக்கு ஆலயம் அவ்வாறிருக்கின்றதா? மங்கல நிகழ்ச்சிகளில் அவர்களைப் பின்னே நிறுத்திவிட்டுக் கைம்மையின் மேன்மையைப் பற்றிப் பிரசங்கிப்பது பொய்ச்சாட்சியாகும். திருமண வீட்டில் மணமக்களுக்கு ஆசி கூற முதலில் ஒரு கைம்பெண்ணை அழைத்துப் பாருங்கள். சபை பல பிரசங்கங்களில் கல்லாததை அன்று கற்கும்.

முடிவுரை

மறுமணம் எல்லோருக்கும் உரிய மருந்தன்று. துக்கத்தை அழிக்கும் வழியுமன்று. அது தனிமையைக் கண்டு இரங்கும் இறைவன் சிலருக்கு அளிக்கும் ஈவு. அவ்வீவை வேண்டுவோர் ஆயர் இல்லத்தின் வாயிலில் தாழ்ந்த குரலில் பேசும் நிலை மாற வேண்டும்.

அந்த அம்மையார் இன்னும் உயிரோடிருக்கிறார். பல ஆண்டுகளுக்குப்பின் அவரைச் சந்தித்து மன்னிப்புக் கேட்டேன். அவர் என்னைக் கடிந்துகொள்ளவில்லை. 'ஐயா, அடுத்து யாராவது வந்தால் உட்காரச் சொல்லுங்கள். நாங்கள் நின்றுகொண்டே பேசினோம்' என்று மட்டும் சொன்னார். ஆயர் பணிக்கு ஆயத்தமாகும் தம்பியரே, தங்கையரே, நானும் அவ்வாறே உங்களைக் கேட்டுக்கொள்ளுகிறேன். அவர்கள் வருவார்கள். முதலில் அவர்களை உட்காரச் சொல்லுங்கள்.